கூலி மேல்முறையீட்டை நீதிபதியிடமே விடுங்கள்

தமிழ்நாடு அரசின் தொழிலாளர் நலன் மற்றும் திறன் மேம்பாட்டுத் துறை அமைச்சர் அவர்களுக்கும், துறைச் செயலர் அவர்களுக்கும்,

வணக்கம்.

நான் வழக்கறிஞர் இல்லை. மேற்கு மாவட்டம் ஒன்றில் தொழிற்சங்க அலுவலகத்தில் உட்கார்ந்து, கூலி வராதவர்களுக்கு மனு எழுதிக் கொடுப்பவன். இருபத்து மூன்று வருடமாக இதுதான் வேலை. மனு எழுதுவது, அவர்களோடு வாய்தாவுக்குப் போவது, உத்தரவு வந்தால் நகல் வாங்குவது, பணம் வரும்வரை பின்னாலேயே அலைவது. அந்த அலைச்சலில் கற்றுக்கொண்ட சட்டத்தை வைத்துத்தான் இந்த மடலை எழுதுகிறேன்.

மடல் ஒரே ஒரு பிரிவைப் பற்றியது. ஊதியச் சட்டத் தொகுப்பு 2019, பிரிவு 49. கூலி வழக்கில் முதல் உத்தரவு வந்த பிறகு, அதை ஏற்காதவர் எங்கே போய் மேல்முறையீடு செய்வது என்று சொல்லும் பிரிவு அது. 2025 நவம்பர் 21 அன்று, பழைய தொழிலாளர் சட்டங்களுக்குப் பதிலாக மத்திய அரசு கொண்டுவந்த நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகளும் நடைமுறைக்கு வந்தபோது எட்டு மணி நேர வேலை, வேலைநிறுத்த உரிமை, ஆட்குறைப்பு என்று பல விஷயங்கள் பேசப்பட்டன. பேச வேண்டியவைதான். ஆனால் பிரிவு 49 பற்றி யாரும் பேசி நான் கேட்கவில்லை. அதில் நாம் இழந்தது ஒரு நீதிமன்றத்தை.

பழைய சட்டம் என்ன சொன்னது என்று முதலில் சொல்லிவிடுகிறேன். தொழிலாளர் நிலையை ஆராய்ந்த விட்லி ஆணையம் 1931இல் அறிக்கை கொடுத்ததைத் தொடர்ந்து வந்தது 1936ஆம் ஆண்டின் ஊதியம் வழங்கல் சட்டம். ஆலை முதலாளி நினைத்தபோது அபராதம் போட்டு, நினைத்தபடி சம்பளத்தைப் பிடித்துக்கொண்ட காலத்தில் வந்த சட்டம். அதன்படி கூலி கிடைக்காதவர் சிவில் வழக்குப் போட முடியாது. பிரிவு 22 அந்தக் கதவை மூடியது. பதிலுக்கு பிரிவு 15இல் ஓர் அதிகார அமைப்பை வைத்தார்கள். அங்கே மனு போடலாம், செலவு குறைவு, வக்கீல் இல்லாமல் சங்கத்துக்காரரே ஆஜராகலாம். நல்ல ஏற்பாடு.

அதோடு விட்டிருந்தால், ஒரு தொழிலாளியின் கூலி வழக்கை வாழ்நாளில் ஒரு முறைகூட நீதிமன்றம் பார்க்காமல் போயிருக்கும். அதனால்தான் பிரிவு 17 இருந்தது. மேல்முறையீடு சென்னை போன்ற மாகாணத் தலைநகரங்களில் சிறுவழக்கு நீதிமன்றத்துக்கு, மற்ற இடங்களில் மாவட்ட நீதிமன்றத்துக்கு. 'மாவட்ட நீதிபதி' என்று எழுதாமல் 'மாவட்ட நீதிமன்றம்' என்று எழுதியிருந்தார்கள். ஒரு சொல்தானே என்று தோன்றும். அந்த ஒரு சொல்லை வைத்து வருடக்கணக்கில் வாதாடியிருக்கிறார்கள்.

காரணம் இது. ஒரு சட்டம் ஒரு நீதிபதிக்கு வேலை கொடுக்கும்போது, அவரைத் தனி ஆளாகப் பொறுக்கியெடுத்துக் கொடுக்கிறதா, அல்லது அவர் உட்கார்ந்திருக்கும் நீதிமன்றத்துக்குக் கொடுக்கிறதா என்று ஒரு கேள்வி உண்டு. தனி ஆளாகக் கொடுத்தால் அவரை 'பெர்சோனா டெசிக்னேட்டா' என்பார்கள். அப்படியானால் அவர் நீதிமன்றமே இல்லை, அவருடைய முடிவின் மீது சிவில் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 115படி உயர் நீதிமன்றத்தில் சீராய்வு கேட்க முடியாது, காலதாமதத்தை மன்னிக்கும் பொதுச் சட்டமும் அவருக்குப் பொருந்தாது என்று எதிர்த்தரப்பு வாதாடும். 1961இல் சென்ட்ரல் டாக்கீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தச் சொல்லுக்கு விளக்கம் கொடுத்தது. 1995இல் முக்ரி கோபாலன் வழக்கில், கேரள வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின் கீழ் மேல்முறையீடு கேட்கும் மாவட்ட நீதிபதி நீதிமன்றமாகத்தான் செயல்படுகிறார், எனவே காலவரம்புச் சட்டத்தின் மன்னிப்பு அங்கேயும் உண்டு என்று சொன்னது. வாடகை வழக்குதான், ஆனாலும் அந்தத் தீர்ப்பைப் படித்தபோது எனக்கு ஒன்று புரிந்தது. மேல்முறையீட்டைக் கேட்பவர் நீதிமன்றமா இல்லையா என்பது தாமதம் மன்னிக்கப்படுமா, மேலே இன்னொரு படி உண்டா, அவருடைய இடமாறுதல் யார் கையில் என்பதையெல்லாம் தீர்மானிக்கிற விஷயம்.

மாவட்ட நீதிமன்றம் என்றால், அரசமைப்பின் 235ஆவது பிரிவுப்படி அதன் கட்டுப்பாடு உயர் நீதிமன்றத்திடம். அந்த நீதிபதியை எந்தத் துறையின் செயலரும் கூப்பிட்டுக் கேட்க முடியாது. பழைய பிரிவு 17(4)இல் இன்னொன்றும் இருந்தது: சட்டக் கேள்வி ஏதாவது சிக்கலாக வந்தால் மேல்முறையீட்டு நீதிமன்றமே அதை உயர் நீதிமன்றத்துக்கு அனுப்பி விடை கேட்கலாம்.

இது நடைமுறையில் எப்படி இருந்தது என்பதற்கு ஒரு சம்பவம் சொல்கிறேன்.

2008 மழைக்காலம். எங்கள் பக்கத்து நூற்பாலை ஒன்றில் காலை ஷிப்டுக்குப் போகவேண்டிய இருபத்தாறு பேர், அதில் பெரும்பாலோர் பெண்கள், இரண்டரை மணி நேரம் தாமதமாகப் போய்ச் சேர்ந்தார்கள். தரைப்பாலத்தின்மேல் தண்ணீர் போனதால் டவுன் பஸ் வரவில்லை. சுற்றுவழியில் நடந்து, கிடைத்த வண்டியில் ஏறிப் போயிருக்கிறார்கள். கேட்டில் உள்ளே விடவில்லை. அந்த மாதச் சம்பளத்தில் ஆளுக்கு எட்டு நாள் கூலி பிடித்துவிட்டார்கள். நாளுக்கு 130 ரூபாய், எட்டு நாளுக்கு 1,040 ரூபாய். பத்துப் பேரோ அதற்கு மேலோ ஒன்றாகச் சேர்ந்து, முன்னறிவிப்பும் தக்க காரணமும் இல்லாமல் வேலைக்கு வராவிட்டால் எட்டு நாள் கூலிவரை பிடிக்க பிரிவு 9 இடம் கொடுத்தது. நிர்வாகம் அதைத்தான் காட்டியது. 'கூட்டாகத் திட்டமிட்டு வராமல் இருந்தார்கள்' என்றது.

அதிகாரி முன்னால் மனு போட்டோம். அவர் கெட்டவர் இல்லை. மேசையில் கோப்பு மலை, மறுபக்கம் சமரசப் பேச்சுவார்த்தைகள், அதற்கு நடுவே எங்கள் வழக்கு. நிர்வாகம் வருகைப் பதிவேட்டின் நகலைக் கொடுத்தது, இருபத்தாறு பெயருக்கு நேரே 'வரவில்லை' என்று இருந்தது. அதைப் பார்த்து மனுவைத் தள்ளுபடி செய்துவிட்டார்.

மாவட்ட நீதிமன்றத்துக்குப் போனோம். அங்கே நீதிபதி முதல் வாய்தாவிலேயே கேட்ட கேள்வி எனக்கு இன்னும் நினைவில் இருக்கிறது. "கேட் புத்தகம் எங்கே? நகல் வேண்டாம், அசல்." அடுத்த வாய்தாவில் வரவில்லை. அதற்கடுத்த வாய்தாவில், கொண்டுவராவிட்டால் கொண்டுவராததற்கு என்ன அர்த்தம் எடுத்துக்கொள்ள வேண்டுமோ அதை எடுத்துக்கொள்வேன் என்றார். புத்தகம் வந்தது. வாட்ச்மேன் கையெழுத்தில் அன்றைக்குக் காலை 'பொம்பளைங்க 26 பேர் நிக்கிறாங்க, உள்ளே விட வேண்டாம்னு ஆபீஸ் உத்தரவு' என்று நேரத்தோடு எழுதியிருந்தது. ஆண்களும் நின்றிருந்தார்கள், அவர் அப்படித்தான் எழுதியிருந்தார். வேலைக்கு வராதவர்கள் எப்படி கேட்டில் நிற்க முடியும்? வழக்கு அங்கேயே முடிந்துவிட்டது. 27,040 ரூபாயும் அதற்கு மேல் இழப்பீடும் வந்தது.

தொகை சிறியதாக இருக்கலாம். ஆனால் அன்றைக்கு அந்த நீதிபதிக்கும் அந்த அதிகாரிக்கும் இருந்த வேறுபாடு குணத்தில் இல்லை. அசல் ஆவணத்தைக் கேட்பது ஒருவருக்குப் பழக்கம், பயிற்சி. யாருக்கும் பதில் சொல்லாமல் கேட்க முடிகிற இடத்தில் அவர் இருந்தார். அதுதான் வேறுபாடு.

சரி, இப்போது புதிய சட்டத்துக்கு வருகிறேன். அதில் நல்லது எதுவுமே இல்லை என்று சொல்ல மாட்டேன். முன்பு ஊதியம் வழங்கல் சட்டத்தின் கீழ் மனு போட ஒரு வருடம்தான் அவகாசம், குறைந்தபட்சக் கூலிக்கு ஆறு மாதம். இப்போது மூன்று வருடம். முன்பு மாதச் சம்பளம் 24,000 ரூபாயைத் தாண்டினால் 1936 சட்டம் பொருந்தாது. இப்போது அந்த வரம்பே இல்லை. வேலையை விட்டு நின்றவருக்கு இரண்டு வேலை நாட்களுக்குள் கணக்கு முடிக்க வேண்டும் என்கிறது. இதெல்லாம் எங்களைப் போன்றவர்கள் பல வருடமாகக் கேட்டவை.

ஆனால் பிரிவு 45படி கூலிக் கோரிக்கையை விசாரிப்பவர், அரசிதழ் பதிவு பெற்ற ஓர் அதிகாரி. பிரிவு 49படி அவருடைய உத்தரவின் மீதான மேல்முறையீட்டைக் கேட்பவர், அவரைவிடக் குறைந்தது ஒரு படி மேலே பதவி வகிக்கும் இன்னோர் அரசு அதிகாரி. உதவி ஆணையர் சொன்னதைத் துணை ஆணையர் பார்ப்பார் அல்லது துணை ஆணையர் சொன்னதை இணை ஆணையர் பார்ப்பார். சாட்சியை வரவழைக்கவும், ஆவணம் கேட்கவும் சிவில் நீதிமன்றத்தின் அதிகாரம் இருவருக்கும் உண்டு. ஆனால் அது சில காரியங்களுக்காக இரவல் கொடுத்த அதிகாரம். அதனால் அவர்கள் நீதிமன்றம் ஆகிவிட மாட்டார்கள். சிவில் வழக்குக்கான தடை மட்டும் பழையபடியே இருக்கிறது. ஆக, முதல் கட்டத்திலும் நீதிமன்றம் இல்லை, இரண்டாம் கட்டத்திலும் இல்லை.

உயர் நீதிமன்றம் இருக்கிறதே என்பீர்கள். இருக்கிறது. 1997இல் சந்திரகுமார் வழக்கில், அதிகாரிகளின் உத்தரவை ரிட் மனுவில் சரிபார்க்க அரசமைப்பின் 226, 227 பிரிவுகள் உயர் நீதிமன்றத்துக்குத் தரும் அதிகாரத்தை எந்தச் சட்டமும் பறிக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் ரிட் மனுவில் உயர் நீதிமன்றம் பொதுவாக வழக்கின் உண்மை விவரங்களை மறுபடி எடைபோடாது. அதிகாரி தன் எல்லையைத் தாண்டினாரா, கண்ணில் அறைகிற சட்டப் பிழை உண்டா என்றுதான் பார்க்கும். கேட் புத்தகத்தை அங்கே யாரும் புரட்டிப் பார்க்கப் போவதில்லை. மாவட்ட நீதிமன்றம்தான் சாட்சியத்தை முழுசாக மறுபடி பார்த்த கடைசி நீதிமன்றம். அந்த இடத்தில் இப்போது ஒரு துறை அதிகாரி. அப்புறம், சென்னைக்கோ மதுரைக்கோ போய் ரிட் போடும் செலவு. ஆயிரம் ரூபாய் கூலிக்காக ஒரு ஸ்பின்னிங் மில் பெண் அதைச் செய்வாரா? முதலாளி செய்வார்.

இன்னொரு பெரிய இழப்பு டெபாசிட். 1964 திருத்தத்தில் வந்த பிரிவு 17(1ஏ) சொன்னது இதுதான்: முதலாளி மேல்முறையீடு செய்யவேண்டுமானால், உத்தரவில் சொன்ன முழுத் தொகையையும் முதலில் கட்டி, கட்டியதற்கான சான்றிதழை மேல்முறையீட்டு மனுவோடு இணைக்க வேண்டும். இல்லாவிட்டால் மனு எண்ணிடப்படாது. இந்த ஒரு வரியால் எத்தனை வழக்குகள் முடிந்தன என்று எங்கள் அலுவலகத்தில் பழைய ஆட்களைக் கேட்டால் சொல்வார்கள். ஒரு வொர்க்‌ஷாப் முதலாளி, இறந்துபோன லேத் ஆபரேட்டரின் மனைவிக்குக் கடைசி மூன்று மாதச் சம்பளத்தைத் தர மறுத்து, 'கோர்ட்டுக்குப் போறேன், பத்து வருஷம் இழுக்கிறேன்' என்று என் முகத்துக்கு நேரே சொன்னார். தொகையைக் கட்டினால்தான் போக முடியும் என்று அவருடைய வக்கீல் சொன்னதும், கட்டுகிற பணத்தை அந்த அம்மாவிடமே கொடுத்துவிடலாம் என்று முடிவு செய்து ஒரே வாரத்தில் செக் கொடுத்தார்.

பிரிவு 49இல் அந்த நிபந்தனை இல்லை. இதைப் பலமுறை படித்துப் பார்த்தேன். விபத்து இழப்பீட்டுக்கான 1923 சட்டத்தில் முதலாளி பணம் கட்டாமல் மேல்முறையீடு செய்ய முடியாமல் இருந்தது. 1972 பணிக்கொடைச் சட்டத்திலும் அப்படித்தான் இருந்தது. பணிக்கொடைக்கு சமூகப் பாதுகாப்புத் தொகுப்பிலும் அதைக் காப்பாற்றி வைத்திருக்கிறார்கள். மாதாமாதம் அடுப்பெரிய வைக்கும் கூலிக்கு மட்டும் அதை எடுத்துவிட்டார்கள். குறைந்தபட்சக் கூலி வழக்குகளில் நிலைமை இன்னும் மோசம். 1948 சட்டத்தில் அந்த உத்தரவுக்கு மேல்முறையீடே கிடையாது, முதலாளி ரிட்டுக்குத்தான் போகவேண்டும். இப்போது அவருக்குத் தொண்ணூறு நாள் அவகாசத்தோடு, ஒரு ரூபாய் கட்டாமல், ஒரு மேல்முறையீடு கிடைத்திருக்கிறது. அது மூன்று மாதத்தில் முடிய 'முயற்சி' செய்யப்படும் என்கிறது சட்டம். தொண்ணூறும் தொண்ணூறும் நூற்று எண்பது. ஆறு மாதம் ஒரு தொழிலாளி காத்திருக்க வேண்டும், அதுவும் முயற்சி பலித்தால்.

துறை அதிகாரியே மேல்முறையீட்டைக் கேட்பதில் இன்னொரு சங்கடத்தையும் நீங்கள் யோசிக்க வேண்டும். உள்ளாட்சிகளிலும் அரசு மருத்துவமனைகளிலும் ஒப்பந்தத் தூய்மைப் பணியாளர்கள் இருக்கிறார்கள். ஒப்பந்ததாரர் கூலி தராவிட்டால் முதன்மை வேலையளிப்பவர்தான் பொறுப்பு, அதாவது அரசோ அரசின் அமைப்போ. அந்த வழக்கில் எதிர்மனுதாரர் அரசு, விசாரிப்பவர் அரசு அதிகாரி, மேல்முறையீட்டைக் கேட்பவரும் அரசு அதிகாரி. அந்த அதிகாரி எவ்வளவு நேர்மையானவராக இருந்தாலும், தோற்றுப்போன தூய்மைப் பணியாளர் வீட்டுக்குப் போகும் வழியில் என்ன நினைப்பார்?

சென்னை வழக்கறிஞர் சங்கம் போட்ட வழக்கில் 2010இல் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்பாயங்களைப் பற்றிச் சொன்னதை இங்கே நினைவுபடுத்துகிறேன். நீதிமன்றம் செய்துவந்த வேலையை வேறோர் அமைப்புக்கு மாற்றலாம், ஆனால் அதில் உட்காருபவருக்கு நீதித்துறைக்குரிய தகுதியும் சுதந்திரமும் வேண்டும், எந்தத் துறையின் விவகாரத்தைத் தீர்ப்பாயம் விசாரிக்கிறதோ அந்தத் துறையிடமிருந்தே அது வசதிகளைப் பெறக்கூடாது என்றார்கள். அது கம்பெனிச் சட்டத் தீர்ப்பாயத்துக்காகச் சொன்னது. கம்பெனிகளின் வழக்குக்கு வேண்டிய சுதந்திரம் கூலி வழக்குக்கு வேண்டாமா? 2020ஆம் ஆண்டின் தொழில் உறவுகள் தொகுப்பில்கூட, தொழில் தீர்ப்பாயத்தில் இரண்டு பேரில் ஒருவர் நீதித்துறை உறுப்பினர். கூலி மேல்முறையீட்டில் அந்த ஒருவர்கூட இல்லை.

மாவட்ட நீதிமன்றங்களில் வழக்குகள் குவிந்து கிடக்கின்றன, அதிகாரி என்றால் சீக்கிரம் முடியும் என்று சொல்பவர்கள் உண்டு. குவிந்து கிடப்பது உண்மை, எனக்கும் அந்த வராந்தாக்களில் காத்திருந்து பழக்கம். ஆனால் பணம் டெபாசிட்டில் இருக்கும்போது தாமதத்தால் முதலாளிக்கு லாபமில்லை, அதனால் அவர் இழுக்கமாட்டார். அந்தப் பூட்டைக் கழற்றிவிட்டு வேகத்தைப் பற்றிப் பேசுவதில் பொருளில்லை.

இது மத்தியச் சட்டம், நாங்கள் என்ன செய்வது என்று நீங்கள் சொல்லக்கூடும். தொழிலாளர் நலன், மத்திய அரசும் மாநிலமும் சட்டம் இயற்றக்கூடிய பொதுப்பட்டியலில் இருக்கிறது. அரசமைப்பின் 254(2)படி, சட்டமன்றத்தில் திருத்தம் நிறைவேற்றி குடியரசுத் தலைவரின் ஒப்புதல் பெற்றால் அது தமிழ்நாட்டில் செல்லும். இதை நாம் முன்பே செய்திருக்கிறோம். வேலைநீக்கம் செய்யப்பட்ட தனித் தொழிலாளி, அரசின் பரிந்துரைக்காகக் காத்திருக்காமல், சமரசம் முறிந்ததும் நேராகத் தொழிலாளர் நீதிமன்றம் போகலாம் என்று 1988இல் தொழில் தகராறுகள் சட்டத்தைத் திருத்தியது தமிழ்நாடு. மத்திய அரசு அதையே நாடு முழுமைக்கும் கொண்டுவந்தது 2010இல். இருபத்திரண்டு வருடம் நாம் முன்னால் இருந்தோம். எங்கள் அலுவலகத்துக்கு வந்த எத்தனையோ பேர் அந்தத் திருத்தத்தால் வேலையைத் திரும்பப் பெற்றார்கள்.

எனவே நான் கேட்பது இதுதான். பிரிவு 49ஐத் தமிழ்நாட்டுக்குத் திருத்துங்கள். மேல்முறையீடு மாவட்ட நீதிமன்றத்துக்கும், சென்னையில் சிறுவழக்கு நீதிமன்றத்துக்கும் என்று பழையபடி எழுதுங்கள். 'நீதிமன்றம்' என்றே எழுதுங்கள், 'நீதிபதி' என்று எழுதி மறுபடியும் அந்தப் பழைய சண்டையைக் கிளப்ப வேண்டாம். முதலாளி முழுத் தொகையையும் கட்டிய பிறகே மேல்முறையீடு ஏற்கப்படும் என்ற வரியைத் திரும்பச் சேருங்கள். சட்டக் கேள்வியை உயர் நீதிமன்றத்துக்கு அனுப்பும் வழியையும் திறந்து வையுங்கள்.

ஒப்புதல் டெல்லியிலிருந்து வர எவ்வளவு காலம் ஆகும் என்று யாராலும் சொல்ல முடியாது. அதுவரை மேல்முறையீட்டு அதிகாரியை நியமிக்கும் அறிவிக்கை உங்கள் கையில்தான் இருக்கிறது. முதல் உத்தரவு போட்ட அதிகாரி எந்த மண்டலத்திலோ, அந்த மண்டலத்தின் மேலதிகாரியே மேல்முறையீட்டைக் கேட்கும்படி வைக்காதீர்கள். சட்டம் படித்தவர்களை, சமரசப் பேச்சுவார்த்தை நடத்தும் பொறுப்பு இல்லாதவர்களை அதற்கென்றே ஒதுக்குங்கள். உத்தரவை நிறுத்திவைக்கக் கேட்டு முதலாளி வந்தால், முதலில் தொகையைக் கட்டிவிட்டு வரச் சொல்லுங்கள். உத்தரவுகள் காரணத்தோடு, தமிழில், எல்லாரும் படிக்கும்படி இணையத்தில் இருக்கட்டும். வழக்குப் போட்டவரே தன் வழக்கின் உத்தரவைப் படிக்க என்னைத் தேடி வரும் நிலை மாறட்டும்.

அந்த இருபத்தாறு பேர் வழக்கின் தீர்ப்பு நகலும், அதன் பின்னால் பின் அடித்த கேட் புத்தகப் பக்கத்தின் ஜெராக்ஸும் இன்னும் என் பீரோவில் இருக்கின்றன. திருத்தத்தை வரைபவர்களுக்குப் பயன்படும் என்றால் நானே கொண்டுவந்து கொடுக்கிறேன். எந்த நாள், எந்த அறை என்று மட்டும் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
கூலி மனு எழுதும் ஒரு தொழிற்சங்க ஊழியர்